வாயில் ஆணி இருக்கும்போது

ஜூன் 3

தம்பிக்கு,

அன்புள்ள என்று எழுதக் கை வரவில்லை, விட்டுவிட்டேன். நீ சாப்பிட்டாயா, தூங்கினாயா என்றும் கேட்கப் போவதில்லை. இங்கே ஒரு மனுஷன் ஒரு வாய் தண்ணீர்கூட இறங்காமல் கிடக்கிறார். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

பட்டறையில் நீ வயிற்றில் உதைத்துவிட்டுப் போன மறுநாள் உன் மாமா எழுந்து நடமாடிக்கொண்டுதான் இருந்தார். அதற்கடுத்த காலை மேல் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டார். உடம்பு அனலாகக் கொதித்தது. படுக்கவைத்தால் கத்துகிறார், உட்காரவைத்தால் கொஞ்சம் அடங்குகிறார். ஆஸ்பத்திரியில் சேர்த்த அன்றைக்கே உன்னைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அன்றிலிருந்து அவருக்கு வாந்தி நிற்கவில்லை. முதலில் பச்சையாக வந்தது. நேற்று வெள்ளையாக, கெட்டியாக வந்தது. நான் பால் என்று நினைத்தேன். நர்ஸ் கிண்ணத்தை முகர்ந்து பார்த்துவிட்டு ஓடினாள். அது சீழ். மனுஷன் வாயிலிருந்து சீழ் வரும் என்று எனக்கு இதுவரை தெரியாது. என் கையில் பட்டுவிட்டது. எத்தனை தடவை சோப்புப் போட்டும் வாடை போகவில்லை.

வயிற்றுக்குள்ளே ஏதோ கிருமி என்கிறார்கள். இரைப்பையின் சுவர் முழுக்க வீங்கி, நீர் ஊறின ஸ்பாஞ்ச் மாதிரி இருக்கிறதாம். நாளைக்கு வெட்டுகிறார்கள்.

இன்ஸ்பெக்டர் கட்டிலுக்குப் பக்கத்திலேயே நின்று சொன்னார்: "உதைச்ச உதையில உள்ள அழுகிருச்சும்மா. ஆள் பொழச்சா கொலை முயற்சி, போனா கொலை. உன் தம்பிக்கு ரெண்டுல ஒண்ணு நிச்சயம்."

உன்னை யார் கேட்டார்கள்? என் தாடை வீங்கியிருந்தால் அது என் தாடை. வீக்கம் வற்றிவிடும், எப்போதும் வற்றித்தான் இருக்கிறது. நீ இப்போது செய்து வைத்திருப்பது வற்றுமா?

அக்கா

*

ஜூன் 7

அன்புள்ள அக்கா,

நீ போடாததையும் சேர்த்து நானே போட்டுவிட்டேன்.

இங்கே வருகிற கடிதம், போகிற கடிதம் எல்லாவற்றையும் ஒரு வார்டர் பிரித்துப் படிக்கிறார். மூக்குக்கண்ணாடி போட்டவர், நல்ல மனுஷர்தான், எழுத்துக் கூட்டி நிதானமாகப் படிப்பார். அதனால் நீ எழுதும்போது பார்த்து எழுது. நானும் அவருக்குப் புரிகிற மாதிரியே எழுதுகிறேன்.

வார்டர் ஐயா, நாங்கள் மூன்று பேரும் ஒரே சோபா பட்டறையை நம்பிப் பிழைக்கிறவர்கள். நான் ஸ்பாஞ்ச் வெட்டுவேன். அக்கா வீட்டில் உட்கார்ந்து உறை தைப்பாள். மாமா துணியை இழுத்துப் பிடித்து ஆணி அடிக்கிறவர். ஆணிக்காரர்கள் ஒரு கைப்பிடி குட்டி ஆணியை வாயில் போட்டு அதக்கிக்கொள்வார்கள். ஒரு கை துணியில், ஒரு கை சுத்தியலில் இருப்பதால் மூன்றாவது கை அவர்கள் நாக்குதான். நாக்கு ஒவ்வோர் ஆணியாகத் திருப்பி உதட்டுக்குக் கொண்டுவரும். காந்தம் வைத்த சுத்தியல் அதைக் கவ்வும். தட், தட், அவ்வளவுதான்.

எங்கள் பட்டறையில் சண்டையில்லாத வாரம் கிடையாது. நாற்காலிக் காலால் மண்டை உடைந்ததுகூட உண்டு. ஆனாலும் ஒரு கட்டுப்பாடு இருக்கிறது. வாயில் ஆணி இருக்கிறவனைத் தொடக் கூடாது. சிரிக்கவைக்கக்கூடக் கூடாது. என்ன கோபமானாலும் "துப்பு" என்று சொல்ல வேண்டும். அவன் துப்பின பிறகுதான் எதுவும்.

அன்றைக்கு உறை வாங்க உன் வீட்டுக்கு வந்தபோது நீ முந்தானையால் வாயை மூடிக்கொண்டே பேசினாய். காற்று அடித்ததில் முந்தானை விலகிவிட்டது. ஒரு பக்கத் தாடை நீலமாக இருந்தது. உறைகளைத் தோளில் போட்டுக்கொண்டு பட்டறைக்கு வந்தேன். மாமா நீள சோபாவின் அடியில் குனிந்து அடித்துக்கொண்டிருந்தார். "துப்பு" என்றேன். என்னை நிமிர்ந்து பார்த்தார். புரிந்துகொண்டார். பெயின்ட் டப்பா மூடியில் துப்பினார். அதற்குப் பிறகுதான் அடித்தேன். மூக்கில் ஒன்று. சரிந்து சோபாச் சட்டத்தின் மேல் மல்லாந்தார். வயிற்றில் உதைத்தேன். திரும்பவும் உதைத்தேன். உள்ளே காற்று போகிற சத்தம் கேட்டது. ஸ்பிரிங் கட்டுகிற ஆள் வந்து என் இடுப்பைப் பிடித்துத் தூக்காவிட்டால் இன்னும் உதைத்திருப்பேன். பொய் சொல்ல மாட்டேன், நன்றாக இருந்தது.

இங்கே வந்த முதல் நாளே எனக்கும் கிடைத்தது. குழாயடியில் ஒரு ராஜா இருக்கிறார், அவர் குளித்த பிறகுதான் மற்றவர்கள் குளிக்க வேண்டுமாம். எனக்கு அது தெரியாது. என் தலைமுடியைப் பிடித்துக் குழாயில் மோதிவிட்டார். புருவத்தில் தையல் போட்டிருக்கிறார்கள். நீ தைப்பதைவிட மோசமான தையல்.

மாமா பிழைக்க வேண்டும். அவருக்காக இல்லை.

தம்பி

*

ஜூன் 11

தம்பிக்கு,

பிழைத்துவிட்டார்.

இரைப்பை முழுவதையும் எடுத்துவிட்டார்கள். உணவுக் குழாயைக் கொண்டுபோய் நேராகக் குடலில் சேர்த்துத் தைத்திருக்கிறார்கள். வெட்டியதை ஒரு தட்டில் வைத்துக் கொண்டுவந்து காட்டினார் டாக்டரம்மா. ஒல்லியான பெண், என்னைவிட வயது குறைவாகத்தான் இருக்கும். எனக்கு மயக்கம் வரவில்லை. சாதாரணமாக இரைப்பைச் சுவர் மெல்லியதாக இருக்குமாம். இது என் விரல் தடிமன் இருந்தது. கத்தியால் கீறிக் காட்டினார், சுவருக்குள்ளிருந்து சீழ் பிதுங்கியது.

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "இந்தக் கிருமி புதுசு ஒண்ணும் இல்லம்மா. உங்க தொண்டையிலயும் இருக்கும், என் தொண்டையிலயும் இருக்கும். முழுங்கினா வயித்து அமிலத்துல செத்துரும். ஆனா சுவர்ல ஒரு ஓட்டை கெடைச்சு உள்ள பூந்துருச்சுன்னா முடிஞ்சுது. ரொம்ப அபூர்வம். நான் பாக்கறது இது ரெண்டாவது ஆளு. மொதல் ஆளு பொழைக்கல."

உதையால் வந்ததா என்று கேட்டேன். "உதையில கிருமி இருக்காது. உதைச்ச தடம் ஒண்ணும் நான் உள்ள பாக்கல. ஏற்கனவே குடிச்சுக் குடிச்சு உள்தோல் வெந்து கெடந்துருக்கு. அதுல இது குத்தியிருக்கு" என்று ஒரு சின்னக் கண்ணாடி பாட்டிலை ஆட்டிக் காட்டினார்.

உள்ளே ஒரு சோபா ஆணி கலகலத்தது.

இவ்வளவு நாளாக அவர் அதைப் பற்றி யாரிடமும் மூச்சு விடவில்லை. சேர்த்த அன்றே "எதையாச்சும் முழுங்குனீங்களா?" என்று டாக்டர் கேட்டபோது இல்லை என்று தலையாட்டினார். முதல் நாளே சொல்லியிருந்தால் வாய் வழியாகக் குழாயை விட்டு எடுத்திருப்பார்களாம். வயிறு மிஞ்சியிருக்கும்.

நேற்று மூக்கில் குழாயோடு இன்ஸ்பெக்டரிடம் வாக்குமூலம் கொடுத்தார். "அவன் அடிச்சப்ப என் வாயில ஆணி இருந்துச்சு. அந்த அடியிலதான் முழுங்கிட்டேன்." இன்ஸ்பெக்டருக்குச் சந்தோஷம். உதை போய் ஆணி வந்தாலும் வழக்கு உன் தலையில்தான் நிற்கிறது. வாயில் ஆணி இருப்பது தெரிந்தே அடித்தாய் என்றால் இன்னும் மோசம் என்கிறார் உன் வக்கீல்.

வேறு எழுத ஒன்றும் இல்லை. இருக்கிறது, இப்போது எழுத வரவில்லை.

அக்கா

*

ஜூன் 15

அக்கா,

அந்த ஆள் பச்சைப் பொய் சொல்கிறார். துப்பினார். டப்பா மூடியில் துப்பினார். எச்சிலோடு ஆணிகள் விழுந்த சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. துப்பிவிட்டு வாயைத் திறந்து நாக்கைத் தூக்கியும் காட்டினார். எங்கள் ஆட்கள் எல்லோரும் அப்படித்தான் காட்டுவார்கள், காட்டாமல் யாரும் சண்டைக்கு வர மாட்டார்கள். நான் அவரைக் கொல்லத்தான் நினைத்தேன், அது வேறு. ஆனால் வாயில் ஆணியோடு அடிக்கிற ஈனப்பயல் நான் இல்லை.

ஸ்பிரிங்காரரைக் கேட்கச் சொல் என்று வக்கீலிடம் சொன்னேன். கேட்டாராம். "நான் அந்தப் பக்கம் திரும்பி நின்னேன்" என்றாராம். முதலாளி போனில் பேசிக்கொண்டிருந்தாராம். ஆணியை வாயில் வைத்து வேலை வாங்குவது வெளியே தெரிந்தால் பட்டறையை மூடிவிடுவார்கள் என்று பயம் இருவருக்கும். பத்து வருஷம் ஒரே டீயை இரண்டாகப் பிரித்துக் குடித்த ஆள் அந்த ஸ்பிரிங்கு. வெளியே வந்தால் அவர் கழுத்தில் ஒரு ஸ்பிரிங்கைக் கட்டி இறுக்குவேன். வார்டர் ஐயா, இது சும்மா பேச்சு, எழுதி வைக்காதீர்கள்.

துப்பின வாயில் ஆணி எங்கிருந்து வந்தது? அன்றைக்கு என்னிடம் அடி வாங்கிவிட்டு நேராக வீட்டுக்குத்தானே வந்தார்? வந்து என்ன செய்தார் என்று உனக்குத் தெரியும் அல்லவா? யோசித்துப் பார்த்து எழுது.

தம்பி

*

ஜூன் 17

அக்கா,

நேற்று முன்தினம் எழுதின கடிதத்தில் கடைசியாக ஒன்று கேட்டிருந்தேன். அதை மறந்துவிடு. பதில் எழுதாதே.

படுத்துக்கொண்டு யோசித்தபோது ஞாபகம் வந்தது. மாமா சாயங்காலத்தில் நாற்காலிச் சீட்டுகளை வீட்டுக்குக் கொண்டுவந்து அடிப்பார். அதற்கு மேல் யோசிக்க நான் விரும்பவில்லை. நீயும் யோசிக்காதே.

வக்கீலை வரச்சொல்லியிருக்கிறேன். ஆணி வாயில் இருந்தது, எனக்குத் தெரியும், தெரிந்துதான் அடித்தேன் என்று சொல்லப் போகிறேன். எனக்கு இங்கே பழகிவிட்டது. குழாயடி ராஜாவின் சுண்டு விரலை முந்தாநாள் கதவில் வைத்து நசுக்கிவிட்டேன். இப்போது நான்தான் முதலில் குளிக்கிறேன்.

நீ உறை தைத்துக்கொண்டு இரு.

தம்பி

*

ஜூன் 22

டேய் தம்பி,

உன் இரண்டு கடிதமும் ஒன்றாக வந்தது. ஒன்றில் கேள், அடுத்ததில் கேட்காதே. சின்ன வயதிலும் நீ இப்படித்தான், குத்துவதும் நீதான், ஊதிவிடுவதும் நீதான்.

நீ கேட்டதற்குப் பதில் எழுதுகிறேன். இதை அங்கே படிப்பார்கள் என்று தெரியும். படிக்கட்டும். வார்டர் ஐயா, எழுத்துக் கூட்டி நிதானமாகப் படியுங்கள்.

உனக்குத் தெரியாத ஒன்று எங்கள் வீட்டில் உண்டு. அவர் முன் அறையில் உட்கார்ந்து நாற்காலிச் சீட்டு அடிப்பார். நான் உள்ளே தையல் மிஷினில் இருப்பேன். தட், தட் என்று சுத்தியல் சத்தம் வரும்வரை எனக்கு நிம்மதி. வாயில் ஆணி இருக்கும்வரை அவர் பேச மாட்டார், எழுந்திருக்க மாட்டார், கை நீட்ட மாட்டார். திடீரென்று சத்தம் நிற்கும். சுத்தியலால் தரையில் தட்டுவார். தட்டைக் கொண்டு வா என்று அர்த்தம். நான் எவர்சில்வர் தட்டை எடுத்துக்கொண்டு போய் அவர் வாய்க்குக் கீழே பிடிக்க வேண்டும். துப்புவார். கலகலவென்று விழும். நாக்கைத் தூக்கிக் காட்டுவார். தட்டை ஓரமாக வைக்கச் சொல்லிவிட்டு எழுந்திருப்பார். அதற்குப் பிறகு நடப்பது என் தாடைக்குத் தெரியும், விலாவுக்குத் தெரியும். உன் பட்டறைக் கட்டுப்பாட்டை அவர் வீட்டிலும் ஒரு நாள்கூட மீறினதில்லை. மனுஷன் ஒழுங்கானவர்.

பத்து வருஷமாக அந்தத் தட்டை நானே கழுவி, நானே துடைத்து, நானே கொண்டுபோய்ப் பிடித்திருக்கிறேன். அதை நினைத்தால்தான் எனக்கு என் மேல் ஆத்திரம் வருகிறது. அவர் மேல்கூட அவ்வளவு வரவில்லை.

அன்று மூக்கில் ரத்தம் காய்ந்துபோய் வந்தார். வயிற்றைப் பிடித்துக்கொண்டுதான் நடந்தார். குடித்தார். சீட்டை எடுத்து மடியில் வைத்து, ஆணியை வாயில் போட்டுக்கொண்டு அடிக்க ஆரம்பித்தார். உன்னிடம் வாங்கியதற்கு என்னிடம்தான் கணக்குத் தீர்ப்பார் என்று எனக்குத் தெரியும். எப்போது நிற்கும், எப்போது நிற்கும் என்று காதை அங்கேயே வைத்துக்கொண்டு தைத்தேன். ஊசி விரலில் ஏறினதுகூடத் தெரியவில்லை.

நின்றது. தரையில் தட்டினார்.

தட்டை எடுத்துக்கொண்டு போனேன். கழுத்தை நீட்டினார், துப்புவதற்கு. தாடையை ஆட்டினால் எனக்கு இன்னும் வலி இருந்தது. தட்டைக் கீழே பிடிக்க வேண்டிய கை மேலே போனது. இரண்டு கையாலும் பிடித்து அவர் வாயோடு சேர்த்து அடித்தேன். விளிம்பால் இல்லை, முழுத் தட்டால். ஆணிகள் அறை முழுக்கத் தெறித்தன. அவர் தொண்டை ஏறி இறங்கியதைப் பார்த்தேன். விரலைவிட்டு ஓங்கரித்தார். ஒன்றும் வரவில்லை. பிறகு கடைவாயைப் பொத்திக்கொண்டு என்னைப் பார்த்தார். எழுந்து வரவில்லை தம்பி. முதல் தடவையாக எழுந்து வரவில்லை. உன் ஆட்கள் ஆணியை முழுங்கினால் செய்கிற வைத்தியம் இருக்கிறதே, ரொட்டியைத் தண்ணீரில் நனைத்து விழுங்கினால் சுற்றிக்கொண்டு வெளியே போய்விடும் என்று, அதைத்தான் செய்தார். அதற்கு மேல் மிச்சமிருந்த பாட்டிலையும் குடித்துவிட்டுப் படுத்தார்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டபோது அவர் தலையாட்டியது பெண்டாட்டியிடம் அடி வாங்கினேன் என்று சொல்ல வாய் வராமல். நானும் பக்கத்தில்தான் நின்றேன். நானும் வாயைத் திறக்கவில்லை. அது எதற்காக என்று இன்னும் எனக்குத் தெரியவில்லை.

நீ துப்பச் சொன்னாய், காத்திருந்தாய். அவரும் துப்பிவிட்டுத்தான் அடிப்பார். நான் காத்திருக்கவில்லை. நம் மூன்று பேரில் கட்டுப்பாட்டை மீறினது நான்தான். வருத்தம் இருக்கிறதா என்று தேடிப் பார்த்தேன். அவர் வயிறு போனதில் இருக்கிறது. அடித்ததில் இல்லை.

வக்கீலிடம் நீ உளறி வைத்தாயானால் உன் பல்லை நான் உடைப்பேன். எனக்கு இப்போது பழக்கமாகிவிட்டது.

அக்கா

*

ஜூன் 26

அக்கா,

உனக்குப் புத்தி கெட்டுவிட்டதா? இதையெல்லாம் கடிதத்திலா எழுதுவார்கள்? வார்டர் கடிதத்தைக் கொடுக்கும்போது கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "உங்கக்காவாப்பா இது?" என்றார். ஆமாம் என்றேன். "எனக்கு இந்தக் கடுதாசி வரவே இல்ல. உனக்கு வந்துச்சா?" என்றார். வரவில்லை என்றேன். "அப்ப தின்னுடு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

தின்னவில்லை. சட்டைக்குள் வைத்திருக்கிறேன். அழுதேன், சிரித்தேன், இரண்டும் ஒன்றாக வந்தது. தட்டால் அடித்தாயா? முழுத் தட்டாலா? பக்கத்துப் பாயில் இருப்பவன் எனக்குக் காய்ச்சல் என்று நினைத்துவிட்டான்.

இப்போது நான் சொல்வதைக் கேள். யாரிடமும் சொல்லாதே. ஆம்பளை நான், இங்கே நாலு அடி வாங்குவேன், ஐந்து அடி கொடுப்பேன், காலம் ஓடிவிடும். பெண்கள் ஜெயிலைப் பற்றி இங்கே பேசுவதைக் கேட்டால் உனக்கு ரத்தம் உறைந்துவிடும். உன் கையைப் பிடித்துத்தான் நான் நடக்கப் பழகினேன். அந்தக் கையில் விலங்கைப் போட்டுப் பார்க்க என்னால் முடியாது. காலில் விழுகிறேன் என்று வைத்துக்கொள்.

தம்பி

*

ஜூலை 1

தம்பிக்கு,

நீ விழுந்த காலை எடுத்துக்கொண்டு நான் நேராகப் போலீஸ் ஸ்டேஷனுக்குத்தான் போனேன்.

இன்ஸ்பெக்டர் டீ குடித்துக்கொண்டிருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன். புரை ஏறும் அளவுக்குச் சிரித்தார். "நீ? இந்த ஒடம்ப வச்சுக்கிட்டு? அந்த ஆளையா?" அங்கே இருந்த எல்லோரும் சிரித்தார்கள். பிறகு குரலைத் தாழ்த்தி, "தம்பி மேல பாசம் இருக்க வேண்டியதுதாம்மா. அதுக்காகப் பொய் சொன்னா உன்னையும் சேத்து உள்ள வைக்க வேண்டியிருக்கும்" என்றார். டாக்டரம்மாவைக் கேளுங்கள் என்றேன். கேட்டாராம். ஆணி குத்தியதால் வந்தது என்றுதான் அவரால் சொல்ல முடியும், யார் அடித்து முழுங்கினார் என்று வயிறு சொல்லாதாம்.

வார்டுக்குத் திரும்பி வந்து அவரிடமே கேட்டேன். "உண்மையைச் சொல்லிடுங்க. என்னைப் புடிச்சுக் குடுத்துடுங்க. அவனை விட்டுருங்க."

சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "நீயா? என்னை அடிச்சியா? நீ என்னைத் தொட்டதே இல்ல."

"தட்டு நெளிஞ்சு கெடக்கு வீட்டுல."

"கீழ விழுந்து நெளிஞ்சிருக்கும்."

கன்னத்தில் அறைய வேண்டும்போல் இருந்தது. ஆனால் அப்போது அவருக்குச் சாப்பாட்டு நேரம். இரைப்பை இல்லாதவர், ஒரு தடவைக்கு நாலைந்து ஸ்பூன்தான். கூடினால் வியர்த்து, மயங்கி, எல்லாவற்றையும் கக்கிவிடுவார். ஒரு நாள் முழுக்கக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். "வாயைத் திறங்க" என்றேன். திறந்தார். நாக்கைக் கொஞ்சம் தூக்கினார், பழக்கதோஷம். ஊட்டினேன். உன்னை உள்ளே வைத்திருக்கிற வாய்க்கு என் கையால் ஊட்டினேன். ஸ்பூனைத் தொண்டைவரை இறக்கிவிட்டால் என்ன என்று ஒரு நிமிஷம் தோன்றியது. ஊட்டிவிட்டு வாயைத் துடைத்துவிட்டேன்.

திங்கட்கிழமை உன்னைக் கோர்ட்டுக்குக் கொண்டுவருகிறார்களாம். அதற்குள் ஏதாவது செய்ய வேண்டும்.

அக்கா

*

ஜூலை 4

அக்கா,

விரல் நசுங்கினவன் ஆள் சேர்த்துக்கொண்டு வந்தான். நான்கு பேர். என்னைக் குப்புறப் போட்டு முதுகில் ஏறி மிதித்தார்கள். முன்பல் இரண்டு போய்விட்டது. ஒன்றைத் துப்பினேன், இன்னொன்றைக் காணோம், முழுங்கியிருப்பேன். என் வயிற்றையும் எடுத்துவிடுவார்களோ என்று டாக்டரிடம் கேட்டேன், திட்டினார்.

ஒன்றுக்குப் போனால் ரத்தம் வருகிறது. இதை எழுதக் கூடாது என்றுதான் நினைத்தேன். வேறு யாரிடம் சொல்வேன்? அக்கா, எனக்குப் பயமாக இருக்கிறது. போன கடிதத்தில் ஆம்பளை என்று பெரிதாக எழுதினதை அடித்துவிடு. கோர்ட்டுக்குப் போய் வந்தால் அடுத்தது பெரிய ஜெயில். அங்கே நான் தாங்க மாட்டேன்.

இருந்தாலும் நீ ஒன்றும் செய்யாதே. தாங்காவிட்டாலும் பரவாயில்லை.

தம்பி

*

ஜூலை 6

என் தம்பிக்கு,

உன் கடிதம் நேற்றுக் காலையில் வந்தது. படித்துவிட்டு அப்படியே ஸ்டேஷனுக்குப் போனேன். இன்ஸ்பெக்டர் ஜீப்பில் ஏறிக்கொண்டிருந்தார். ஜீப்புக்கு முன்னால் போய் நின்றேன். "ஒரு தடவை என்கூட வார்டுக்கு வாங்க. அவர் பக்கத்துல நான் நிக்கறப்ப ஒரு தடவை பாருங்க. அப்பறம் நான் வர மாட்டேன்." என்ன நினைத்தாரோ, வண்டியில் ஏறச் சொன்னார்.

வார்டில் எதைக் காட்டப் போகிறேன் என்று எனக்கே தெரியாது, சத்தியமாகத் தெரியாது. கதவடியில் இன்ஸ்பெக்டர் நின்றுகொண்டார். நான் கட்டில் பக்கம் போனேன். சாப்பாட்டு வண்டி வந்திருந்தது. நர்ஸ் என் கையில் தட்டைக் கொடுத்தாள். எவர்சில்வர் தட்டு, நடுவில் ஒரு கிண்ணம் சூப். கிண்ணத்தை எடுத்து மேஜையில் வைத்தேன். கையில் வெறும் தட்டு மட்டும் இருந்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு கிடந்தார். தட்டின் அடியில் ஸ்பூனால் ஒரு தட்டுத் தட்டினேன்.

கண்ணைத் திறந்தார். நான் தட்டை இரண்டு கையாலும் பிடித்து மேலே தூக்கினேன். அவ்வளவுதான் செய்தேன்.

அவர் கத்தினார் தம்பி. இரண்டு கையாலும் முகத்தைப் பொத்தி, முழங்கைகளை விலாவோடு ஒட்டி, முழங்காலை வயிற்றுக்கு இழுத்துக்கொண்டு சுவர்ப் பக்கம் சுருண்டார். ஊசி பிடுங்கிக்கொண்டு படுக்கையெல்லாம் ரத்தம். "வேணாம், வேணாம், வாயில இருக்கு, துப்பிடறேன், வாயில இருக்கு" என்று கத்தினார். வாயில் ஒன்றுமே இல்லை. வார்டு முழுக்கத் திரும்பிப் பார்த்தது.

அந்தச் சுருளல் எனக்குத் தெரியும். முழங்கை எங்கே போக வேண்டும், தலையை எவ்வளவு உள்ளே இழுக்க வேண்டும், எல்லாம் என் உடம்புக்கு மனப்பாடம். ஆனால் வெளியிலிருந்து நான் பார்த்ததே இல்லை. இவ்வளவு சின்னதாகவா ஆகிவிடுவேன் நான் என்று நினைத்தேன். எனக்கு அவர் மேல் பரிதாபம் வந்தது. அதைவிட அதிகமாக என் மேல் வந்தது. தட்டைக் கீழே வைத்துவிட்டேன்.

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். நர்ஸ் கட்டுப் போட்டு முடித்த பிறகு கட்டிலருகே வந்து, "யாரு அடிச்சப்பய்யா வாயில இருந்துச்சு?" என்று கேட்டார். அவர் சுவரைப் பார்த்தபடியே என்னைக் கை காட்டினார். எழுதி அவர் கைநாட்டை வாங்கினார்கள். ஊசி பிடுங்கின கையில் கட்டு இருந்ததால் கையெழுத்துப் போட முடியவில்லை.

பிறகு என் பக்கம் திரும்பி, "எதால அடிச்ச?" என்றார். சிரிக்கவில்லை. சொன்னேன். "ஏன் அடிச்ச?" என்றார். நான் ஊட்டுவதைத் தினமும் பார்த்த அந்த நர்ஸ்தான் என் தாடையைத் தொட்டு, "இன்னும் முழுசா வீக்கம் வத்தலை சார், வந்த அன்னிக்கே நீலமா இருந்ததை நான் பாத்தேன்" என்றாள். அதையும் எழுதிக்கொண்டார்.

திங்கட்கிழமை உன்னை விட்டுவிடுவார்கள் என்கிறார் வக்கீல். உதைத்ததற்கு மட்டும் ஒரு சின்ன வழக்கு இருக்குமாம், அபராதத்தோடு போய்விடும். என் மேல் வழக்குப் போடலாமா வேண்டாமா என்று மேலே கேட்டு எழுதியிருக்கிறார்களாம். தன்னைக் காப்பாற்றிக்கொள்ள அடித்தாள் என்று வந்தால் விட்டுவிடுவார்கள், வராவிட்டால் கூப்பிடுவார்கள். கூப்பிட்டால் போவேன். பயமாக இருக்கிறது. ஆனால் சுத்தியல் சத்தம் நிற்கும்போது வந்த பயத்தைவிட இது சின்னது.

அவருடைய அண்ணன் வந்து அவரை அழைத்துப் போகப் போகிறார். எவ்வளவு கொடுக்க வேண்டும், எப்படிக் கொடுக்க வேண்டும் என்று அண்ணிக்குச் சொல்லிக் கொடுத்தேன். ஸ்பூனைப் பக்கவாட்டில் கொண்டுபோகச் சொன்னேன், நேராகக் கொண்டுபோனால் மிரளுகிறார்.

திங்கட்கிழமை வாசலில் நிற்பேன். டாக்டரிடம் நேராகப் போய் அந்த ரத்தத்தைக் காட்ட வேண்டும், தகராறு பண்ணாமல் வா. பல்லில்லாத வாயோடு சிரித்துத் தொலைக்காதே, எனக்கு அழுகை வந்துவிடும்.

நெளிந்த தட்டை போலீஸ் எடுத்துக்கொண்டு போய்விட்டது. சாட்சிப் பொருளாம். வீட்டில் இனி இரண்டு தட்டுத்தான் இருக்கிறது. நீயும் நானும் சாப்பிட அது போதும்.

அக்கா